மேய்ச்சல் மலைக்கு வந்த அசல்காரர்

உலகத்தில் அசல்காரர் என்றொரு இனம் உண்டு. அடுத்தவர் வீட்டுக்குப் போய், அந்த வீடு போதிய அளவு பழசாக இல்லையே என்று மனம் நொந்துபோகிறவர் அவர். தன் வீட்டில் குழாயைத் திருகினால் வெந்நீர் கொட்ட வேண்டும். உங்கள் வீட்டில் மட்டும் சாணி பொறுக்கி அடுப்பு மூட்ட வேண்டும். தன் பிள்ளை கம்ப்யூட்டர் படிக்கலாம். உங்கள் பிள்ளை ஆடு மேய்த்தால்தான் அவருக்குக் கண் குளிரும். எல்லா நாட்டிலும் இவர் விளைகிறார் என்றாலும், நன்றாகக் கொழுத்து, பளபளத்து, முழு வளர்ச்சியில் இவரைக் காண வேண்டுமானால் ஜூலை மாதத்தில் கஜாக் நாட்டு அஸ்ஸி மேய்ச்சல் மலைக்கு வர வேண்டும். பல்கியாவின் கம்பளிக் கூடாரத்து வாசலில் சற்று நேரம் நின்றாலே போதும், ஒருவராவது ஜீப்பிலிருந்து இறங்குவார்.

பல்கியாவுக்கு விருந்தாளிகள் புதிதல்ல. கோடை முழுக்கக் கணவன் செய்த்கானோடும் மகள் அக்மராலோடும் மலைமேல் குதிரைகளுடன் கிடப்பவள். நாடோடி வாழ்க்கையைப் பார்த்துப் போக வருகிறவர்களுக்குக் கூடாரத்தில் ஒரு பக்கம் ஒதுக்கித் தருவாள். வெளிநாட்டுக்காரர்களால் அவளுக்குத் தொல்லையே கிடையாது. உப்புப் போட்டுக் காயவைத்த தயிர் உருண்டையைக் கடித்துப் பார்ப்பார்கள், கண்ணில் நீர் முட்டச் சிரிப்பார்கள், யாரும் பார்க்காதபோது நாய்க்குப் போடுவார்கள், பிறகு அந்த நாயையும் படம் எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள். தொல்லையெல்லாம் சொந்த நாட்டுக்காரர்களால்தான். நகரத்தில் பிறந்து, நகரத்தில் சதை போட்டு, நாற்பது தாண்டிய பிறகு ஒருநாள் காலையில் எழுந்து 'நான் நாடோடியின் பேரன்' என்று திடீரெனக் கண்டுபிடிக்கிறார்களே, அவர்களால்.

மார்லென் அப்படிக் கண்டுபிடித்தவர். அல்மாட்டியில் எட்டாவது மாடியில் குடியிருக்கிறார். லிப்ட் நின்றுபோனால் படியேற மாட்டாமல் மைத்துனன் வீட்டுக்குத் தூங்கப் போய்விடுவார் என்று அவரே சொல்லியிருக்கிறார். ஆனால் மலைக்கு வந்து இறங்கியபோது பார்க்க வேண்டும். கொதிக்கிற வெயிலில் நரித்தோல் தொப்பி, வெள்ளிப் பட்டை போட்ட இடுப்புவார், கழுத்தில் ஓநாய்ப் பல், கையில் சவுக்கு. குதிரையேறத் தெரியுமா என்று கேட்காதீர்கள். சவுக்கு இருக்கிறதே, போதாதா?

வந்து கால்மணி நேரத்துக்குள் ஆரம்பித்துவிட்டார்.

"அக்கா, இது என்ன? பிளாஸ்டிக் பீப்பாயா?"

"ஆமா தம்பி. குமிஸ் ஊத்தி வைக்கிறது."

"நம்ம முன்னோர்கள் குதிரைப்பாலைத் தோல் பையிலதான புளிக்க வச்சாங்க! இது அசல் இல்லையே!"

"முன்னோர்களுக்குப் பீப்பாய் கெடைக்கல தம்பி."

பீப்பாயோடு விட்டாரா? சூரிய மின்தகட்டைக் கழற்றிக் கூடாரத்துக்குப் பின்னால் வைக்கச் சொன்னார், படம் கெட்டுப்போகிறதாம். செய்த்கானின் தலையிலிருந்த பனியன் துணித் தொப்பியைப் பார்த்துப் பெருமூச்சு விட்டார். மோட்டார் சைக்கிளைப் பார்த்தபோது ஏதோ இழவு வீட்டுக்குள் நுழைந்தவர் மாதிரி நெஞ்சில் கை வைத்தார். அடுப்படியில் பாட்டி காலத்திலிருந்து தேநீருக்கு வெந்நீர் வைக்கிற சமோவாரைக்கூட விடவில்லை; அது ரஷ்யர்கள் கொண்டுவந்த சாமான், கஜாக் கூடாரத்தில் அதற்கு என்ன வேலை என்று வெளியேற்றிவிட்டார். மார்க்ஸையும் லெனினையும் ஒட்டவைத்து அப்பா தனக்குச் சூட்டிய மார்லென் என்ற பெயரை மட்டும் என்ன செய்வதென்று அவருக்குத் தெரியவில்லை.

நீங்களாக இருந்தால் என்ன செய்வீர்கள்? நறுக்கென்று நாலு வார்த்தை கேட்பீர்கள். பல்கியாவால் முடியாது. வாசல் தேடி வந்தவனை முகம் சுளிக்க வைப்பது அந்த மலையில் கொலைக்கு ஒரு படிதான் கீழே. அதுவும் அந்த வாரம் அவள் யாருடனும் மல்லுக்கு நிற்கிற நிலையில் இல்லை. சனிக்கிழமை சம்பந்தி வீட்டார் வருகிறார்கள். மாப்பிள்ளையின் அம்மா உர்கியா, அக்மராலின் காதில் தன் கையால் கம்மல் போடுவாள். போட்டுவிட்டால் பெண் அவர்கள் வீட்டுப் பெண். இந்த உர்கியா இருக்கிறாளே, மலைக்கு அந்தப் பக்கத்துக்காரி, குமிஸ் செய்வதில் பேர்போனவள், வாயும் கொஞ்சம் நீளம். 'பொண்ணு எடுத்த வீட்டுல குமிஸ் தண்ணியா இருந்துச்சு' என்று ஒரு வார்த்தை அவள் வாயிலிருந்து விழுந்தால் போதும், அக்மரால் ஆயுசு முழுக்க அதைக் கேட்டுக்கொண்டே மாமியார் வீட்டில் பாத்திரம் கழுவ வேண்டும். பல்கியாவுக்கும் வீம்பு குறைவில்லை. உர்கியாவே இரண்டாம் கிண்ணம் கேட்டு வாங்க வேண்டும் என்று மனசுக்குள் சபதம் போட்டு, பாலைக் கறந்து கறந்து சேர்த்துக்கொண்டிருந்தாள்.

"இந்த ஆளு சனிக்கிழமை இருப்பாரா?" என்று கணவனிடம் கேட்டாள்.

"விருந்தாளிய எப்பப் போறேன்னு கேக்குறதா? விடு பல்கியா. ஒரு ஓரமா உக்காந்திருப்பாரு."

அசல்காரர் ஓரமாக உட்கார்ந்து நீங்கள் பார்த்திருக்கிறீர்களா?

வெள்ளிக்கிழமை காலை பல்கியாவும் மகளும் மாவும் இறைச்சியும் வாங்க, மலைக்கு வந்து போகிற ஜீப்பில் கீழே போயிருந்தார்கள். செய்த்கான் ஆடுகளோடு மேட்டுப் பக்கம். மார்லென் தனியாகச் சவுக்கை ஆட்டியபடி உலாவினார். கூடாரத்துக்கு எதிரே, தரையோடு இழுத்துக் கட்டிய நீளக் கயிற்றில் குதிரைக் குட்டிகள் வரிசையாகக் கட்டிக் கிடந்தன. குட்டிகள் கட்டிக் கிடந்தால்தான் தாய்க் குதிரைகள் தூரம் போகாது. கறக்கிற நேரத்துக்குத் தானாக வந்து நிற்கும். குட்டியை முட்டவிட்டால்தான் பாலும் இறங்கும். இதைத் தெரிந்துகொள்ள முன்னோர் வேண்டாம், யாரையாவது கேட்டாலே போதும். ஆனால் அசல்காரர் கேட்பவரல்ல, உணர்பவர். உணர்ந்தார். பரந்த புல்வெளி, விரிந்த வானம், நடுவே கயிற்றில் கட்டுண்டு கிடக்கும் சுதந்திரக் குதிரையின் வாரிசுகள்! கண் கலங்கிவிட்டது. ஒவ்வொன்றாக அவிழ்த்தார். செய்த்கான் ஏறிப் போகிற பழுப்புக் குதிரையும் முளையில் நின்றது. அதற்கு மட்டும் ஏன் ஓரவஞ்சனை என்று அதையும் அவிழ்த்தார்.

பல்கியா திரும்பி வந்தபோது கயிறு மட்டும் புல்லில் நீட்டிப் படுத்திருந்தது. செய்த்கான் மேட்டிலிருந்து மூச்சிரைக்க இறங்கி வந்துகொண்டிருந்தார்.

"குட்டிங்க எங்க?"

"போய்ட்டாங்க அக்கா!" என்றார் மார்லென், முகமெல்லாம் வெளிச்சமாக. "தாயும் பிள்ளையுமா, அப்படியே காத்து மாதிரி! இந்தக் காட்சிக்காகத்தான் நான் இத்தனை தூரம் வந்தேன்."

செய்த்கான் வானத்தைப் பார்த்தார். மனைவியைப் பார்த்தார்.

"சரி தம்பி... நல்லது" என்று சொல்லிவிட்டு மோட்டார் சைக்கிளை இழுத்தார்.

"அண்ணே, குதிரையைத் தேடி மோட்டார் சைக்கிள்லயா போறது? குதிரையில போங்கண்ணே!"

"ஏறிப் போற குதிரையையும் நீங்கதான அவுத்து விட்டீங்க?"

"அப்போ நடந்து போங்கண்ணே. நம்ம முன்னோர்கள்..."

செய்த்கான் வண்டியை உதைத்தார். அது உறுமிய உறுமலில் முன்னோர்கள் காணாமல் போனார்கள்.

இருட்டுவதற்குள் குதிரைகளை மடக்கிக் கொண்டுவந்துவிட்டார். ஓநாய் கையில் ஒன்றும் சிக்கவில்லை, அதுவே பெரிய விஷயம். ஆனால் குட்டிகள் நாள் முழுக்கத் தாய்மடியைக் காலி செய்திருந்தன. மறுநாளைக்கென்று பீப்பாயில் சேர வேண்டிய பாலில் பாதிகூடச் சேரவில்லை. பல்கியா பீப்பாய்க்குள் எட்டிப் பார்த்து அழுதேவிட்டாள். கோபத்தில் வந்த அழுகை. திட்ட முடியாத கோபத்துக்கு வேறு வழி ஏது?

சனிக்கிழமை விடிந்ததும் அவளே சூரியத் தகட்டைத் தூக்கிக்கொண்டு போய்க் கூடாரத்துக்குப் பின்னால் வைத்தாள். பீப்பாயை மறைத்தாள். இருந்த குமிஸைச் செதுக்கு வேலை செய்த மரத் தொட்டியில் ஊற்றினாள். மோட்டார் சைக்கிள் மேல் ஒரு கம்பளியை இழுத்துப் போர்த்தினாள்.

"அம்மா, நீயும் அந்த மாமா மாதிரி ஆயிட்டே" என்றாள் அக்மரால்.

"வாயை மூடிக்கிட்டுத் தொட்டியைத் தொடை."

சம்பந்திகள் இரண்டு கார் நிறைய வந்தார்கள். வாசலுக்கு நேர் எதிரே இருக்கிற மரியாதை இடத்தில் மார்லென் ஏற்கெனவே சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தார். முதலில் வந்த விருந்தாளி அல்லவா? அவருக்குப் பக்கத்தில் இடித்துக்கொண்டு உட்கார்ந்தாள் உர்கியா. மரக் கரண்டியால் பல்கியா குமிஸை அளந்து அளந்து ஊற்றினாள். உர்கியா கிண்ணத்துக்குள் பார்த்தாள், தொட்டிக்குள் பார்த்தாள், பல்கியாவைப் பார்த்தாள்.

"ருசி நல்லாத்தான் இருக்கு. ஏன் சம்பந்தியம்மா, இந்த வருஷம் உங்க பக்கம் புல்லு சரியில்லையா?"

விருந்தாளியைக் காட்டிக் கொடுக்க முடியுமா? பல்கியா தலையைக் குனிந்துகொண்டாள். காட்டிக் கொடுக்கிற சிரமத்தை விருந்தாளியே ஏற்றுக்கொண்டார்.

"புல்லுக்கு என்ன அக்கா குறை! நேத்து நான்தான் குட்டிகளையெல்லாம் அவுத்து விட்டேன். சுதந்திரமா ஓடட்டும்னு!"

பேச்சை மாற்ற நினைத்தோ என்னவோ, உர்கியா மடியிலிருந்த சிறு பெட்டியைத் திறந்து கம்மலை எடுத்தாள். அத்தோடு முடிந்திருக்கும். ஆனால் அசல்காரர் பார்த்துவிட்டார்.

"இது கடையில வாங்கினதா அக்கா? அடடா. அந்தக் காலத்துல பொண்ணுக்கு ஆந்தை இறகு செருகித்தான் நிச்சயம் பண்ணுவாங்க. அதுதான் அசல். இது எல்லாரும் பண்றதுதானே!"

உர்கியாவின் கை பாதியில் நின்றது. அந்தக் கம்மலுக்காக அவள் எத்தனை கடை ஏறி இறங்கினாளோ! முகம் சிவந்தது. பெட்டியின் மூடி டப்பென்று விழுந்தது. அக்மராலின் முகத்தில் ரத்தமே இல்லை. மார்லென் ரொட்டியை மென்றுகொண்டிருந்தார்.

பல்கியா எழுந்தாள். மகள் கையிலிருந்த தேநீர்க் கெண்டியை வாங்கினாள்.

அந்த மலையில் தேநீரைக் கிண்ணத்தின் அடி நனைகிற அளவுக்குத்தான் ஊற்றுவார்கள். குடித்துக் குடித்து நீட்ட வேண்டும், மறுபடி மறுபடி ஊற்ற வேண்டும். ஒவ்வொரு தடவையும் 'இரு, இன்னும் கொஞ்சம் இரு' என்று சொல்வதாக அர்த்தம். விளிம்பு வரை நிரப்பி நீட்டினால் ஒரே அர்த்தம்தான்: குடி, எழுந்திரு, கிளம்பு. அங்கே பால் குடிக்கிற பிள்ளைக்கும் இது தெரியும். பல்கியா கல்யாணமாகி வந்த நாளிலிருந்து ஒருவருக்கும் அப்படி ஊற்றியதில்லை. இப்போது ஊற்றினாள். இன்னொரு சொட்டு விழுந்தால் வழியும் என்கிற அளவுக்கு நிரப்பி, இரண்டு கையாலும் மார்லெனிடம் நீட்டினாள். செய்த்கான் கண்ணை மூடிக்கொண்டார்.

மார்லெனுக்குப் புல்லரித்துவிட்டது.

"பாத்தீங்களா! எங்க போனாலும் கஞ்சத்தனமா ஒவ்வொரு வாயா ஊத்துறாங்க. கிண்ணம் நெறைய! இதுதாங்க நம்ம முன்னோர்களோட அசல் உபசாரம்!"

உறிஞ்சி உறிஞ்சிக் குடித்தார். கிண்ணத்தைத் திரும்ப நீட்டினார்.

"இன்னொண்ணு ஊத்துங்க அக்கா. இதே மாதிரி."

முதலில் உர்கியாவின் தோள்தான் குலுங்கியது. வாயைத் தலைத்துணியின் நுனியால் பொத்தினாள், பயனில்லை. "தம்பி கேக்குறாருல்ல சம்பந்தியம்மா, ஊத்துங்க! நல்லா நெறைய ஊத்துங்க!" என்று சொல்லிக்கொண்டே பல்கியாவின் தோளில் சாய்ந்து கண்ணீர் வழியச் சிரித்தாள். பல்கியாவும் அடக்க முடியாமல் சிரித்தாள். கூடாரமே சிரிப்பில் உருண்டது. மார்லெனும் சேர்ந்து சிரித்தார், எல்லோரும் சந்தோஷமாக இருக்கிறார்களே என்று. உர்கியா பெட்டியை மறுபடி திறந்து, அக்மராலை அருகே இழுத்துக் கம்மலைப் போட்டாள். சிரிப்பில் கை ஆடியதால் காதுத் துளையைத் தேட வேண்டியிருந்தது.

"குளிர்காலம் பூரா இதைச் சொல்லியே ஓட்டிடுவேன், சம்பந்தியம்மா" என்றாள்.

மார்லென் அன்றும் போகவில்லை. மறுநாளும் போகவில்லை. போகிற அன்றைக்குச் செய்த்கானைக் கட்டித் தழுவி, அடுத்த கோடையில் நண்பர்களையும் கூட்டிவருவதாக வாக்குக் கொடுத்தார். மற்றவர்களுக்கெல்லாம் அரைக்கால் கிண்ணம் ஊற்றிய மலையில் தனக்கு மட்டும் முழுக் கிண்ணம் ஊற்றினார்கள் என்பதைத்தான் இப்போது அல்மாட்டியில் எட்டாவது மாடியில் உட்கார்ந்து சொல்லிக்கொண்டிருக்கிறார்.

நீங்கள் சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். போன விடுமுறையில் ஒரு ஊருக்குப் போய், 'இப்பல்லாம் பழைய மாதிரி இல்லைங்க' என்று அந்த ஊர்க்காரரிடமே சொல்லிவிட்டு வந்தது நீங்கள் இல்லை, வேறு யாரோ. அவர்களும் உங்களை நன்றாகத்தான் கவனித்திருப்பார்கள், டம்ளர் நிறைய டீ கொடுத்திருப்பார்கள். அதுதான் சிக்கல். நம் பக்கத்தில் எல்லோருக்குமே நிறையத்தான் ஊற்றுகிறோம். உங்களை இருக்கச் சொன்னார்களா, எழுந்து போகச் சொன்னார்களா என்று கண்டுபிடிக்க உங்களுக்கு வழியே கிடையாது.