மூன்று மணி வெயிலில் ஏறிய வான்கோழி

கோடு சார் கண் விழித்தபோது நாட்டின் வான்கோழி இறைச்சி உற்பத்தி இரண்டு மடங்காகியிருந்தது.

அவர் வரைபடத்தில் பன்னிரண்டு ஆண்டுகளாகத் தரையோடு தரையாகத் தவழ்ந்து வந்த மைக்கோடு, இந்த ஆண்டு விருட்டென்று எழுந்து தாளின் உச்சியைத் தொட்டிருந்தது. ஜன்னல் வழியே வந்த வெயில் கன்னத்தைத் தடவ, மேகங்கள் வெள்ளை வான்கோழிகளாக அசைந்து அசைந்து போவதைப் பார்த்தபடியே அவர் மேஜைமேல் குப்புறச் சாய்ந்துவிட்டார். பேனா மட்டும் கடமை தவறாமல் மேலே போயிருக்கிறது.

புள்ளிவிவர அலுவலகத்தில் கோடு போடுவதே அவர் வேலை. இயக்குநருக்குக் கம்ப்யூட்டர் கோடு ஆகாது. "அதுல உயிர் இல்லையே" என்பார். அந்தப் புண்ணியத்தில்தான் ஜன்னலோர நாற்காலி. தூங்கியது தெரிந்தால் கீழ்த்தளப் பதிவறைதான். அங்கே ஜன்னலும் இல்லை, மேகமும் இல்லை.

பிளேடால் சுரண்டினார். தாள் கிழிந்தது. கிழிசலை மறைக்க ஒரு வான்கோழிப் படத்தை வெட்டி ஒட்டினார். அது உச்சியில் நின்று, சாதித்துவிட்ட தோரணையில் பார்த்தது.

தட்டச்சு அம்மா எட்டிப் பார்த்தார். "என்ன சார், கோழி கொடி நாட்டிருச்சா?"

"கொஞ்சம் ஏத்தம்மா."

"கொஞ்சமா? கூரையைப் பிச்சுக்கிட்டுப் போகுது. எதனாலயாம்?"

"தீவனம்..." என்று வாயில் வந்ததைச் சொன்னார். "நல்ல தீவனம்."

அந்தச் சொல் அவருக்கு முன்னால் மாடி ஏறிவிட்டது. கால் மணியில் தீவனப் பிரிவிலிருந்து போன்.

"சார், உங்களுக்கு ஒத்து வரணுமேன்னு எங்க கோட்டையும் தூக்கிட்டோம்."

குளிர்பதனக் கிடங்குப் பிரிவு, இவ்வளவு இறைச்சிக்கு இடமில்லை என்று கடிதம் எழுதியது.

இனி ஏற்றத்துக்கு ஒரு காரணம் வேண்டும். சுவரில் தொங்கிய பழைய வரைபடத்தைப் பார்த்தார். பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன் கோடு தடாலென்று விழுந்த இடத்தில் 'மகா சரிவு' என்று எழுதியிருந்தது. விழுந்த உயரமும் தன் கோடு ஏறிய உயரமும் அச்சு அசலாக ஒன்று. அன்று விழுந்த காரணம் தெரிந்தால், அது நீங்கிவிட்டது என்று எழுதித் தப்பிக்கலாம்.

"ஏதோ நோய்னு பேசிக்கிட்டாங்க" என்றார் தட்டச்சு அம்மா. தீவனப் பிரிவு மழை என்றது. கிடங்குப் பிரிவு மின்வெட்டு என்றது. அலுவலக நூலகத்துப் புத்தகம் மூன்றையும் சொல்லிவிட்டு, ஆய்வு தொடர்கிறது என்றது.

அதற்குள் இயக்குநர் கூப்பிட்டார். வரைபடம் அவர் மேஜைமேல் விரிந்து கிடந்தது. கோடு சாருக்கு அதற்கு மேல் புளுகத் தெம்பில்லை.

"சார், ஏத்தமெல்லாம் இல்லை. தூங்கிட்டேன்."

இயக்குநர் எழுந்து கதவைச் சாத்தினார்.

"மூணு மணி இருக்குமா?"

"மூணேகால் சார்."

"வெயில் முதல்ல கன்னத்துக்கு வரும். அப்புறம் மெல்ல கண்ணுக்கு." அவர் குரல் எங்கோ மிதந்தது. "பதவி உயர்வு வர்ற வரைக்கும் அது என் நாற்காலிய்யா."

கோடு சாருக்கு மெல்ல வெளிச்சம் பட்டது. "அப்ப அந்த மகா சரிவு எதனால சார்? நோயா, மழையா?"

"ரெண்டும் இல்லை. நீங்க குப்புறச் சாயறீங்க; நான் மல்லாந்து சாய்வேன்."