வட்டத்தின் முன்வரிசை

ஐந்து நிமிட வரவேற்புரை இருபத்திரண்டாவது நிமிடத்தில் ஓடிக்கொண்டிருந்தது. புலம்பெயர் தமிழர் கூடியிருந்த ஹொல்ம்லியா மண்டபத்தில் கோப்பி ஆறிவிட்டது. நாட்டின் வடகோடியிலிருந்து வந்திருந்த, சாமி எனும் ஆதிக்குடியைச் சேர்ந்த பெண் எல்லே, தான் சொல்ல வந்த கதையைச் சண்முகலிங்கமே மைக்கில் சொல்வதைப் பொன்னாடையும் தோளுமாகக் கேட்டுக்கொண்டிருந்தார்.

சண்முகலிங்கம்தான் நல்லிணக்க நிபுணர். உங்களுக்குத் தெரிந்தவர்தான். உலகில் எந்த ஆதிக்குடிக்கு அநீதி நடந்தாலும் பொன்னாடையோடு போய் நிற்பார். விடுதிப் பள்ளிகள் சாமிப் பிள்ளைகளின் தாய்மொழியைப் பறித்ததைக் குரல் தழுதழுக்கச் சொல்வார். 'மன்னிப்பு' என்ற சொல்லை நான்கு மொழிகளில் பிழையின்றி உச்சரிப்பார். அரசாங்கம் எப்படி மன்னிப்புக் கேட்டிருக்க வேண்டும் என்று திருத்திய வரைவு ஒன்றும் கைப்பையில் வைத்திருப்பார். கடைசியில், "இதிலை எங்களுக்கு ஒரு படிப்பினை இருக்கு" என்பார். என்ன படிப்பினை? அதற்குள் நேரம் முடிந்துவிடும்.

மனைவி தங்கேஸ்வரியின் தம்பி பிலேந்திரனோடு அவர் பேசி ஒன்பது வருடம். பொங்கல் விழா அழைப்பிதழில் மைத்துனர் பெயர் மேலே, இவர் பெயர் கீழே. அவ்வளவுதான். சங்கம் இரண்டாயிற்று, பொங்கல் இரண்டாயிற்று, தங்கேஸ்வரி மட்டும் ஒருத்தியாகவே இருந்தார். ஒருவர் வீட்டுப் படியை மற்றவர் ஏறக் கூடாது. ஆகவே சனிக்கிழமைகளில் ஹொல்ம்லியா ரயில் நிலையத்தில், கடத்தல்காரி மாதிரி அக்கம்பக்கம் பார்த்து, பனங்கிழங்கு மாவில் காய்ச்சிய ஒடியற்கூழ்ப் பாத்திரத்தைத் தம்பியிடம் நீட்டுவார்.

இந்தச் சனிக்கிழமை பிலேந்திரன் மண்டபத்திலேயே இருந்தார், கதவோரமாக. இரண்டு சங்கமும் இருந்தால்தான் வருவேன் என்று எல்லே சொல்லியிருந்தார்.

ஒருவழியாக மைக் எல்லேயிடம் வந்தது. அவர் அதை அணைத்து வைத்தார்.

"கதிரைகளை வட்டமாகப் போடுவோம். எங்கள் ஊரில் அரசாங்கத்துக்காகக் காத்திருக்காமல் நாங்களே நல்லிணக்கத்தை இப்படித்தான் தொடங்கினோம்."

வட்டமாயிற்று. சண்முகலிங்கம் எல்லேக்குப் பக்கத்துக் கதிரையில் இருந்தவரை எழுப்பி எதிர்ப்பக்கம் அனுப்பிவிட்டுத் தான் அமர்ந்தார். வட்டத்துக்கும் முன்வரிசை கண்டுபிடித்த சனம் வேறு எங்காவது உண்டா?

"ஒரே நிபந்தனை," என்றார் எல்லே. "அவரவர் தன் கதையை மட்டும் சொல்ல வேண்டும்."

நிபுணர் வரைவை எடுக்கக் கைப்பையைத் திறந்தார். மூடினார்.

தங்கேஸ்வரி எழுந்தார். "கதவடியிலை இருக்கிறது என்ரை தம்பி. ஒன்பது வருசமா நான் அவனுக்கு ஸ்டேஷனிலை வைச்சுக் கூழ் குடுக்கிறன். குளிருக்குள்ளை நிண்டு குடிக்கிறான்." உட்கார்ந்துவிட்டார்.

எல்லே தலையாட்டினார். "எங்களிலும் மொழியை விட்ட குடும்பமும் காத்த குடும்பமும் முப்பது வருடம் முகம் பார்க்கவில்லை. மன்னிப்பெல்லாம் பிறகுதான் வந்தது. முதலில் ஒருவர் மற்றவர் வீட்டில் கோப்பி குடித்தார்."

எல்லாத் தலைகளும் சண்முகலிங்கத்தின் பக்கம் திரும்பின. 'மச்சான்' என்ற சொல் தொண்டை வரைக்கும் வந்தது. வெளியே வந்தது வேறு.

"இது ஆழமாப் பரிசீலிக்க வேண்டிய விசயம். ஒரு உபகுழு போடுவம்."

பிலேந்திரன் கூரையைப் பார்த்துச் சொன்னார்: "உபகுழுவுக்கு ஆர் தலைவர் எண்டு அவரைக் கேளுங்கோ."

சிரிக்கிறீர்களா? நல்லது. அடுத்த அழைப்பிதழ் கைக்கு வரும்போது முதலில் எதைத் தேடுவீர்கள்? திகதியையா, மண்டபத்தையா? எனக்குச் சொல்ல வேண்டாம்.

மறுநாள் ஞாயிறு. தங்கேஸ்வரி கூழ் காய்ச்சினார். ஸ்டேஷனுக்குப் போகவில்லை, தம்பிக்குத் தொலைபேசி எடுத்தார். சண்முகலிங்கம் நிகழ்வின் அறிக்கையை எழுதிக்கொண்டிருந்தார். நான்கு மணிக்கு அழைப்புமணி அடித்தது. அவரே எழுந்துபோய்க் கதவைத் திறந்தார்.

"அக்கா நிக்கிறாவோ?"

"நிக்கிறா."

பிலேந்திரன் சப்பாத்தைக் கழற்றினார். மூவரும் கூழ் குடித்தார்கள். வெளிப்படிகளில் பனி உறைந்தும், வழுக்காமலிருக்க யாரும் சரளை கொட்டாததைப் பற்றி இரண்டு ஆண்களுக்கும் ஒரே கருத்து இருந்தது. ஆறரைக்குப் பிலேந்திரன் போனார். தங்கேஸ்வரி ஸ்டேஷன் பாத்திரத்தைக் கழுவி அலுமாரியின் மேல்தட்டில் வைத்தார்.