கெர்லிண்டேவை 'நீ' என்று அழைக்க

வேலியோரம் நின்று லுட்கர் வாயைத் திறந்தார், மூடிக்கொண்டார். பக்கத்துத் தோட்டத்தில் கெர்லிண்டே தக்காளிச் செடிக்குக் குச்சி நட்டுக்கொண்டிருந்தார்.

"என்ன சார், ஏதாவது சொல்லணுமா?"

"இல்ல மேடம்... உங்க தக்காளி நல்லாயிருக்கு."

மூன்று வருஷமாக இதே தக்காளிதான். 'என்கூட டான்ஸ் ஆட வர்றியா?' என்று கேட்கத்தான் அவருக்கு ஆசை. 'வர்றீங்களா' என்று கேட்டால், பல் பிடுங்கக் கூப்பிடுவது போலல்லவா இருக்கும்!

ஜெர்மன் ஊரான மியூன்ஸ்டரில் 'டூ' என்றால் நீ. அதற்கு வால் முளைத்து வந்த வினைச்சொல்தான் 'டூட்சன்', அதாவது நீ போட்டுப் பேசுவது. கடவுளுக்கு நீ போடலாம், நாய்க்கும் போடலாம். கெர்லிண்டேவுக்கு மட்டும் முடியாது. இருவரில் மூத்தவர் முதலில் வாய் திறந்து, "இனிமே நீன்னே சொல்லு" என்றாக வேண்டும். போன வருஷம் ஓர் இளவட்டம் முந்திக்கொண்டு நீ போட, கெர்லிண்டே அவனோடு பேச்சையே விட்டுவிட்டார்.

"அவங்களே சொல்லட்டும்னு இரு," என்றான் நண்பன் ஹைகோ.

"அடப்பாவி! அவங்களக் கிழவின்னு சொன்ன மாதிரி ஆயிடாதா?"

"அப்ப நீ மூத்தவனாயிடு."

மறுநாள் அறுபத்திரண்டு வயது லுட்கர் வேலியோரம் நின்று இருமினார். "எனக்கு எழுபது ஆகப்போகுது மேடம்."

"எழுபதா!" கெர்லிண்டே குச்சியைக் கீழே போட்டார்.

அன்றிலிருந்து லுட்கர் பூவாளியைத் தொடக்கூடாது. "இந்த வயசுல தூக்காதீங்க சார்." உப்பில்லாத சூப் வந்தது. 'நான் திடமாகத்தான் இருக்கிறேன்' என்று காட்ட ஒரு பாறையைத் தூக்கினார், இடுப்பு பிடித்துக்கொண்டது. கைத்தடியும் வந்தது. கடைசியில் தோட்டச் சங்கமே கூடி, எழுபதாவது பிறந்தநாள் விழா என்று அறிவித்துவிட்டது.

"ஹைகோ, தப்பிக்க வழி சொல்லுடா!"

"எதுக்குத் தப்பிக்கணும்? கேக்க வெட்டு, கிளாஸத் தூக்கு, நீ போட்டுடு. இதவிட மூப்பு உனக்கு எப்ப வரப்போகுது?"

விழாவில் அவரை இரண்டு மெத்தை வைத்த நாற்காலியில் உட்காரவைத்தார்கள். பாடினார்கள். லுட்கர் தடியை ஊன்றி எழுந்து, ஒயின் கிளாஸை நீட்டினார்.

"மேடம், மூத்தவன்ங்கிற உரிமையில..."

"ஒரு நிமிஷம் சார்," என்று கெர்லிண்டேவும் கிளாஸோடு எழுந்தார். முகமெல்லாம் சிவந்திருந்தது. "அந்த உரிமை..."

அப்போதுதான் பேக்கரிக்காரப் பெண் இன்னொரு பெட்டியோடு ஓடிவந்தாள்.

"லேட்டாயிடுச்சு மேடம், மன்னிச்சுக்குங்க! இந்தாங்க உங்க பிறந்தநாள் கேக்கு. அம்பத்தெட்ட அழிச்சிட்டு, சாரவிட ஒரு வயசு கூட வச்சு எழுபத்தொண்ணுன்னு போடச் சொன்னீங்களே, போட்டுட்டேன்!"