அறைந்த கதை சொன்ன சினிமா நைனா

திருத்தணிக்கு வந்து முருகனைப் பார்க்காமல் திரும்பியவர்கள் இருக்கலாம். சினிமா நைனாவிடம் மாட்டாமல் திரும்பியவர் ஒருவரும் கிடையாது.

தினமும் ரயிலேறிச் சென்னைக்கு வேலைக்குப் போகும் நான், அவர் வீட்டு மாடியில் குடியேறினேன். குடியேறிய அன்றே மாட்டினேன். பெட்டியை இறக்கி வைக்கக்கூட விடவில்லை.

“தம்பி, அந்தக் காலத்துல நம்பர் ஒன் காமெடியன் இருந்தாரே, அவரைப் பளார்னு அறைஞ்ச ஒரே ஆளு யாரு தெரியுமா? இதோ நிக்கறேன் பாரு!”

அன்றைக்கு ஒரு அறைதான். மூன்றாம் வருடம் அது நான்கு அறையாகி, காமெடியனின் கன்னம் வீங்கி, ஷூட்டிங்கே இரண்டு நாள் நின்றுபோயிருந்தது. இது தமிழ்க் கணக்கு. திருப்பதி பஸ்ஸில் கண்டக்டரிடம் தெலுங்கில் சொல்லும்போது, அறை வாங்கியவர் கதாநாயகனாகவே உயர்ந்துவிடுவார்.

தாலுகா ஆபீசில் பட்டா மனுவில் நைனாவைக் கையெழுத்துப் போடச் சொன்னார்கள். ரசிகருக்குப் போடுவதுபோல “அன்புடன்” என்று எழுதி, கீழே கையெழுத்திட்டு, ஒரு பூவும் வரைந்து கொடுத்தார். மனு திரும்பி வந்தது. ரசனை கெட்ட ஆபீஸ் என்றார்.

ஒருநாள் ரயிலில் செல்போனைத் தடவிக்கொண்டு வந்தபோது, நைனா அறைந்ததாகச் சொல்லும் படத்தின் பெயர் கண்ணில் பட்டது. யாரோ முழுப்படத்தையும் ஏற்றியிருந்தார்கள். எனக்குத் தலைகால் புரியவில்லை. இறங்கியதும் நேராக டீக்கடை மூர்த்தியிடம் ஓடினேன். ஞாயிறு சாயங்காலம் கடை டிவியில் போடுவதாக முடிவானது. தெரு முழுக்கச் சொல்லிவிட்டுத்தான் நைனாவிடம் போனேன்.

அவர் முகம் வெளுத்துவிட்டது.

“அதுல என் சீனை வெட்டிட்டாங்க தம்பி.”

“பார்த்துடலாம் நைனா.”

“ஞாயித்துக்கிழமை கிருத்திகையாச்சே! அல்லாரும் மலைக்குப் போயிடுவாங்க.”

“கிருத்திகை போன வாரமே முடிஞ்சிடுச்சுங்க.”

அடக்கம் என்று நினைத்துக்கொண்டேன். என் புத்தி அவ்வளவுதான்.

ஞாயிற்றுக்கிழமை கடையில் நிற்க இடமில்லை. பூக்காரக் காந்தம்மா கூடையோடு முன்வரிசை. நைனாவை நடுவில் உட்கார வைத்தோம். மனிதர் வியர்த்து வழிந்தார்.

முக்கால் மணி நேரம் கழித்து ஹோட்டல் காட்சி வந்தது. விலா எலும்பை எண்ணக்கூடிய ஒரு சர்வர், கையில் டம்ளர்களைக் கோபுரமாக அடுக்கிக்கொண்டு வருகிறான். சாட்சாத் நைனா! எதிரே காமெடியன். பளார்!

அறைந்தவர் காமெடியன். வாங்கியவர் நைனா.

வாங்கிய வேகத்தில் இரண்டு சுற்று சுற்றினார். டம்ளர் ஒன்றுகூடச் சாயவில்லை. அப்படியே போய், சாம்பார் அண்டாவுக்குள் உட்கார்ந்தார்.

நான் தரையைப் பார்த்தேன். ஒரு கிழவரின் மானத்தை டிவியில் போட்டுக் காட்டிவிட்டோமே என்று நொந்துகொண்டேன்.

முதலில் சிரித்தது காந்தம்மா. சிரித்த சிரிப்பில் பூக்கூடை உருண்டது. பிறகு கடையே வெடித்தது. “மறுபடியும் போடு! மறுபடியும் போடு!” மூர்த்தி ஆறு தடவை போட்டார்.

“நைனா, அவருல்ல உன்னை அடிக்கறாரு?” என்றார் மூர்த்தி, கண்ணைத் துடைத்தபடி.

நைனா டிவியை ஒருமுறை பார்த்தார். “ஆங்... அவருதான்பா அடிச்சாரு. சாம்பாரு நெஜமாவே சூடா இருந்துச்சு.”

“அடிக்கறதுக்கு எவன் வேணா அடிப்பான்,” என்றாள் காந்தம்மா. “ஒரு டம்ளராவது வுழுந்துச்சா பாரு!”

நைனா விட்ட பெருமூச்சில் டீயின் ஆவி கலைந்தது. என் கையைப் பிடித்துக்கொண்டார்.

“இத்தினி வருசமா பயந்துகினே இருந்தேன் தம்பி. இப்படி சிரிப்பாங்கன்னு தெரிஞ்சிருந்தா, அப்பவே சொல்லியிருப்பேனே!”

அன்றிலிருந்து உண்மை வெள்ளமாக வந்தது. நடித்தது பதினோரு படம். அறை பதினொன்று, உதை இரண்டு, மாடு முட்டியது ஒன்று. மாடு மட்டும் ஒத்திகைக்கு ஒத்துழைக்கவில்லையாம். எனக்கும் நிம்மதி, இந்தக் கதைகள் பழைய கதையைவிட எவ்வளவோ மேல்.

இப்போதும் வாரம் ஒருமுறை அவரோடு மலைக்குப் போகிறேன். விழுவதில் அவரை மிஞ்ச ஆளில்லை என்று ஊருக்கே தெரியும். ஆனாலும் திரும்பி வரும்போது, அவர் கவனிக்காதபடி, நான் அவருக்கு இரண்டு படி கீழேயே, கைக்கெட்டும் தூரத்தில் இறங்குகிறேன்.