அசையாமல் நிற்கும் பழக்கம்

செவ்வாய்க்கிழமையும் ஜோர்ஜ் எடுத்த படத்தில் பூநாரை இல்லை. மீன்பிடிகாரன் ஆழ்வாப்பிள்ளையின் வள்ளம்தான் இருந்தது.

ஜோர்ஜ் தபால் கந்தோரில் இருந்து இளைப்பாறியவர். தேவாலயக் கலண்டரின் தை மாதப் பக்கத்துக்கு அரியாலைக் கடல்நீரேரிக்கு வரும் பூநாரையைப் படம் பிடித்துத் தருவதாகச் சபை நடுவில் எழும்பி நின்று சொல்லிவிட்டார். சனிக்கிழமைக்குள் கொடுக்காவிட்டால் அதே சபைக்காரன் பிறேம் எடுத்த பூசணிக்காய்ப் படம்தான் போகும்.

"பூசணிக்காய் பறக்காதுதானே," என்றாள் மனைவி சீலா. "நீங்களும் அப்பிடி ஒண்டை எடுத்திருக்கலாம்."

கைபேசி வீடியோவில் ஒருவன் சொன்ன பழக்கங்களை ஜோர்ஜ் ஒரு மாதமாகக் கடைப்பிடித்தார். விடியமுன் எழும்பு. கமராக் கண்ணாடியைத் துடை. நாள்தோறும் ஒரே இடத்தில் அசையாமல் நில், பறவை பழகிவிடும். சொன்னவனுடைய சப்பாத்தில் ஒரு பொட்டுச் சேறு இல்லை. அவனை எப்படி நம்புவது? ஆனாலும் பறவைகள் பழகத்தான் செய்தன. கிட்ட வரும். ஜோர்ஜ் மூச்சைப் பிடிப்பார். அந்த நேரம் பார்த்து வள்ளம் டபடபவென்று நேரே அவரை நோக்கி வரும். பறவைகள் பறந்துவிடும்.

"உவன் வேணுமெண்டு செய்யிறான், சீலா."

"அந்தாள் மீனோடை கரைக்கு வராமல் எங்கை போறது?"

"கரை இவ்வளவு நீளத்துக்குக் கிடக்கு. என்ரை மூக்குக்கு நேரை ஏன் வரவேணும்?"

புதன்கிழமை அரை மணித்தியாலம் முந்திப் போனார். வள்ளமும் அரை மணித்தியாலம் முந்தி வந்தது.

ஆள் நிற்பது தெரிந்தால் விலகுவான் என்று வியாழக்கிழமை சிவப்புச் சேட்டுப் போட்டார். வள்ளம் இன்னும் வேகமாக வந்தது.

வெள்ளிக்கிழமை, "அங்காலை போ!" என்று கையை ஆட்டினார். ஆழ்வாப்பிள்ளை பல்லெல்லாம் தெரியச் சிரித்துத் தானும் கையை ஆட்டினான்.

"நக்கலும் அடிக்கிறான்! நாளைக்கு நான் ஆரெண்டு காட்டுறன்."

"சேட்டைத் தோய்க்கப் போடுங்கோ முதல்," என்றாள் சீலா.

சனிக்கிழமை. ஜோர்ஜ் பழக்கத்தை முறித்து, நூறு அடி கிழக்கே போய் நின்றார். பறவைகள் வந்தன. வெயில் இளஞ்சிவப்பாய் விழுந்தது. விரல் பொத்தானுக்குப் போனது.

வள்ளமும் திரும்பியது. நேரே அவரை நோக்கி வந்து, பாதி வழியில் சேற்றுக்குள் சதக்கென்று செருகி நின்றது. பறவைகள் போயின. மீன்கூடை கவிழ்ந்தது. கமராவில் விழுந்த ஒரே படம், வாயைத் திறந்தபடி சேற்றில் குப்புற விழும் ஆழ்வாப்பிள்ளை.

"ஒரு மாசமா என்ரை உயிரை எடுக்கிறியே! உனக்குக் கண் தெரியாதோ?" என்று கத்தினார் ஜோர்ஜ்.

ஆழ்வாப்பிள்ளை முகத்துச் சேற்றை வழித்தான். அவன் குரலில் கோபமில்லை, மனவருத்தம்தான்.

"என்ன அண்ணை, இப்பிடிச் செய்துபோட்டியள்? ஆழப்பாதை காட்ட நட்ட கம்பு போன மாச வெள்ளத்தோடை போச்சு. நீங்கள் நாள் தவறாமல் வந்து அசையாமல் நிக்கிறியள் எண்டுதானே நாங்கள் வேறை கம்பு நடேல்லை!"