கரண்ட் போனதும் தெரிந்த வால்நட்சத்திரம்

கைப்பேசியில் மூன்று நாள் படித்ததை வைத்துக்கொண்டு மாமனாராகப் போகிறவருக்குப் பாடம் நடத்தக் கூடாது. நான் நடத்தினேன்.

கவிதாவை எனக்குப் பேசியிருந்தார்கள். எங்கள் இருவருக்கும் பிடித்துப்போனது. மாப்பிள்ளை வீடு பார்க்க அவள் அப்பா ஆடலூரிலிருந்து பூம்பாறைக்கு வந்தார். (பெண்ணும் கூட வந்தது அவள் பிடிவாதம்.) அவர் தலையசைத்தால்தான் கல்யாணம்.

"பூண்டு வெள்ளாம எப்படிங்க தம்பி?" என்று கேட்டார். நன்றாக இருக்கிறது என்று சொல்லிவிட்டு வாயை மூடியிருக்கலாம்.

"அது கெடக்குங்க மாமா. எழுபத்தோரு வருஷத்துக்கு ஒருக்க வர்ற வால்நட்சத்திரம் வந்துருக்கு. வெரசா வாங்க" என்று இருவரையும் பூண்டுக் காட்டுக்கு இழுத்துப்போனேன். பொழுது சாய்ந்து, மலை எங்கே முடிகிறது என்று தெரியாத அளவுக்கு இருட்டியிருந்தது. எதிரே மஞ்சளாக ஒரு புள்ளி, மேல்நோக்கி வெள்ளையாக வால். கைப்பேசிப் படத்தில் இருந்ததைவிடப் பெரிது. எனக்குப் பெருமை தாங்கவில்லை.

"சூரியனச் சுத்தி நீளவாக்குல வருதுங்க. கிட்ட வந்ததும் சூட்டுல பனி ஆவியாகுது, அதான் வாலு."

"பொகை வாசம் வருதே தம்பி?"

"அடுப்புப் பொகைங்க மாமா. இது கோடிக்கணக்கான மைலுக்கு அந்தப் பக்கம்."

அந்த நேரம் பார்த்து ஊரில் கரண்ட் போனது. வால்நட்சத்திரமும் போனது.

எதிர்மலையில், பூண்டு கெடாமலிருக்கப் புகை போடும் கொட்டகையின் பல்பு அது. வால், அந்தப் புகை. பிறந்ததிலிருந்து பூண்டுக்குப் புகை போடும் வீட்டில் வளர்ந்தவன் நான்.

"சொந்த ஊருப் பொகையே தெரியல, இவரு என்னத்த வெள்ளாம பாப்பாரு?" என்று அவர் மகளிடம் கேட்டார். கல்யாணம் போச்சு என்றே நினைத்தேன். அழுகை வந்தது.

கவிதா வானத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். "அப்பா, இன்னுங் கொஞ்சம் மேல பாருங்க."

பஞ்சைப் பிய்த்து ஒட்டியது போல மங்கலாக ஒன்று. ஊரே இருண்டதால்தான் கண்ணுக்குத் தெரிந்தது. அவர் வெகுநேரம் பார்த்தார்.

"இம்புட்டு தூரம் போயும் மறக்காம திரும்பி வருதா?" என்றார்.

"வருங்க மாமா."

காட்டை விட்டு இறங்கும்போது சொன்னார்: "வானம் பாக்குற சோலிய எம்பொண்ணுகிட்ட விட்டுருங்க மாப்ள."

'தம்பி' போய் 'மாப்ள' வந்துவிட்டது. எனக்குக் காலே தரையில் படவில்லை.

இன்றும் வீட்டில் கரண்ட் போனால், "வால்நட்சத்திரம் போயிருச்சு" என்பார்கள். எங்கள் மகளுக்கு எட்டு மாதம். அந்த வால்நட்சத்திரம் அடுத்து வரும்போது அவளுக்கு எழுபது வயது நெருங்கியிருக்கும், கட்டாயம் பார்ப்பாள் என்று நேற்று ஆசையாகச் சொன்னேன்.

கவிதா அவள் காதில் சொன்னாள்: "பாரு கண்ணு. ஆனா மொதல்ல மெயின் சுவிட்ச அமத்திட்டுப் பாரு."