ரசத்தைத் தளதளவென்று கொதிக்க விட்ட சாட்சி

பொய் சொல்வதற்குக் கொஞ்சமாவது சமையல் தெரிந்திருக்க வேண்டும். எனக்கு இரண்டுமே வராது என்பதை ஹைதராபாத்தில் நீதிபதி முன்னிலையில் நிரூபித்தவன் நான்.

மெட்டுகுடாவில் சாலையைக் கடந்த என் மனைவி வசந்தியை ஒரு வேன் இடித்துத் தள்ளியது. வலது தோள் எலும்பு முறிந்து, தகடு வைத்தார்கள். அப்படியும் கை மேலே எழவில்லை. இன்னொரு ஆபரேஷன் வேண்டும் என்றார் டாக்டர். அதற்கு, வேனின் இன்சூரன்ஸ் கம்பெனி மேல் வழக்குப் போட்டுக் கேட்டிருந்த இழப்பீட்டுப் பணத்தைத்தான் நம்பியிருந்தோம். வீட்டில் அவள் படும் பாட்டைச் சொல்ல என்னையும் சாட்சியாகப் போட்ட எங்கள் வக்கீல், "நடந்ததை மட்டும் சொல்லுங்க சார், போதும்" என்று படித்துப் படித்துச் சொன்னார்.

கேட்டேனா? கூண்டில் ஏறியதும் எனக்கு என்னவோ ஆகிவிட்டது. "சமையல், அவளுக்குத் தலை வாரி விடறது, எல்லாம் நான்தான்" என்றேன். (சொல்லும்போதே எனக்கு என் மேல் மரியாதை பெருகிக் கண் கலங்கியது. கொழுப்பு!)

இன்சூரன்ஸ் தரப்பு வக்கீல் எழுந்தார். செகந்திராபாத்திலேயே பிறந்து வளர்ந்த தமிழர்; 'ஆமாம்' என்பதற்கு அந்த ஊர் 'ஹவ்'தான் வாயில் வரும். எனக்குத் தெலுங்கு தகராறு என்பதால், நீதிபதியிடம் கேட்டுக்கொண்டு தமிழிலேயே ஆரம்பித்தார்.

"ஹவ், தங்கமான மனுஷன் சார் நீங்க. அப்ப ரசமும் நீங்கதான் வைப்பீங்க?"

"தினமும்."

"எவ்வளவு நேரம் கொதிக்க விடுவீங்க?"

"ஒரு அரை மணி நேரம். தளதளன்னு."

பின் வரிசையிலிருந்து ஒரு அலறல். "ஐயய்யோ! நுரை கட்டினதுமே இறக்கணும்ங்க!"

வேறு யார், வசந்திதான். வக்கீல் சிரித்துக்கொண்டே நீதிபதி பக்கம் திரும்பி, கணவன் சொல்வது பொய் என்றால் மனைவியின் கைவலியை மட்டும் எப்படி நம்புவது என்றார். ஆபரேஷனையே கெடுத்துவிட்டேனே, பாவி!

நீதிபதி அவளை அழைத்து, அப்படியானால் சமைத்தது யார் என்று தெலுங்கில் கேட்டார்.

"நேனே சார். எடம சேத்தோ" என்றாள். நான்தான், இடது கையால். மிக்ஸி மூடியை மோவாயால் அழுத்திப் பிடித்து அரைத்ததைச் சொன்னாள். தலை வாரிக்கொள்ள முடியாமல் முடியை வெட்டிக்கொண்டதைச் சொன்னாள். (நான் அதை ஸ்டைல் என்று நினைத்திருந்தேன்.) எல்லாம் என் வீட்டில், என் கண்ணெதிரே நடந்தவை. ஊரார் முன்னிலையில் அன்றுதான் கேள்விப்படுகிறேன். முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை.

இன்சூரன்ஸ் வக்கீல் ஃபைலை மூடிவிட்டு உட்கார்ந்தார்.

வசந்திக்கு இழப்பீடு கிடைத்தது, ஆபரேஷனும் நல்லபடியாக முடிந்தது. கணவர் கவனித்துக்கொண்டதற்காக என்று தனியாகக் கேட்டிருந்த தொகையை மட்டும் தள்ளுபடி செய்துவிட்டார்கள்.

இன்றைக்கும் கல்யாண வீடுகளில் யாராவது, "அந்தச் சமயத்துல உங்க வீட்டுக்காரர் நல்லா பாத்துக்கிட்டாரா?" என்று கேட்டால் போதும், வசந்தி என்னை ஒரு பார்வை பார்ப்பாள்.

"அதுக்குக் கோர்ட்டே விலை போட்டிருச்சுங்க. ஒரு பைசா தேறல."